தன்னையே வேவு பார்த்தவன்

அனாஹெய்ம் நகரில் ஒரு பழைய வீடு. உள்ளே மூன்று ஆண்கள். மூவரும் மாத்திரைக்கு அடிமை. வேலைவெட்டி கிடையாது, பேச்சுக்கு மட்டும் பஞ்சமில்லை. அந்த வீட்டு அறைகளில் போலீஸார் ரகசியமாகக் கேமராக்களைப் பொருத்தியிருக்கிறார்கள். சற்றுத் தள்ளி இன்னொரு கட்டடத்தில் ஃப்ரெட் என்ற ரகசியப் போலீஸ்காரன் உட்கார்ந்து, பதிவானதை எல்லாம் ஓட்டி ஓட்டிப் பார்க்கிறான். அவன் கண்காணிக்க வேண்டிய ஆள் அந்த வீட்டுக்காரன், பாப் ஆர்க்டர். பெரிய போதை வியாபாரியாக இருக்கலாம் என்று மேலிடத்துக்குச் சந்தேகம்.

ஃப்ரெட்தான் பாப் ஆர்க்டர்.

இது எப்படி நடக்கும்? போலீஸுக்குள்ளேயே போதைக் கும்பலின் ஆட்கள் இருக்கக்கூடும் என்பதால், ரகசியப் போலீஸ்காரர்கள் அலுவலகத்துக்கு வரும்போது ஒரு விசேஷ உடையைப் போட்டுக்கொள்கிறார்கள். 15 லட்சம் பேரின் கண், மூக்கு, தாடை என்று துண்டு துண்டாக மாறிக்கொண்டே இருக்கும் உடை அது. போட்டவனை அடையாளம் சொல்ல முடியாது. குரலும் மாறிவிடும். ஃப்ரெட்டின் மேலதிகாரி ஹாங்க்கும் அதே உடையில்தான் இருக்கிறார். எதிரில் இருப்பவன் யார் என்று அவருக்குத் தெரியாது. ‘அந்த ஆர்க்டரைக் கண்காணி’ என்று அவர் உத்தரவு போடுகிறார். ‘அது நான்தான்’ என்று சொல்ல ஃப்ரெட்டுக்கு அனுமதி இல்லை.

அமெரிக்க எழுத்தாளர் ஃபிலிப் கே. டிக் எழுதி 1977-இல் வெளியான ‘எ ஸ்கேனர் டார்க்லி’ நாவலின் முடிச்சு இதுதான். கதை நடப்பது 1994-இல். எழுதியபோது அது எதிர்காலம். ‘சப்ஸ்டன்ஸ் டி’ என்று ஒரு போதைப்பொருளை டிக் கற்பனை செய்தார். அது உண்டாக்கும் மூளை நோயையும் சேர்த்தே கற்பனை செய்தார். முரண்பட்ட இரண்டு உலகங்களை ஒரே தலைக்குள் சுமப்பவனுக்கு வரும் நோய் அது. கற்பனை நோய்தான். ஆனால் மருத்துவப் புத்தகங்களில் இருக்கும் பல நோய்களைவிட அது எனக்கு நெருக்கமாகப் புரிகிறது.

ஆரம்பத்தில் ஃப்ரெட் சமாளிக்கிறான். பதிவுகளில் தன் முகம் வரும் இடங்களைக் கவனமாகக் கையாள்கிறான். மாத்திரை கூடக் கூட, திரையில் தெரியும் ஆளை வேறொருவனாகப் பார்க்கத் தொடங்குகிறான். இந்த ஆர்க்டர் என்ன செய்கிறான், யாரிடம் பேசுகிறான், இவனுக்குப் பணம் எங்கிருந்து வருகிறது? கேள்வி கேட்பவனும் பதில் சொல்ல வேண்டியவனும் ஒருவனே என்பது ஒரு நாள் நினைவிருக்கிறது, ஒரு நாள் நினைவில்லை.

நாவலில் என்னை மிகவும் உலுக்கிய இடம் ஒன்று உண்டு. ஆர்க்டருக்கு டோனா என்ற பெண்ணின் மேல் காதல். அவளோ தொடவே விடுவதில்லை. ஓர் இரவு கோனி என்ற வேறொரு பெண்ணுடன் இருக்கிறான். விழித்துப் பார்த்தால் பக்கத்தில் படுத்திருப்பவளின் முகம் டோனாவின் முகமாக இருக்கிறது. மறுகணம் கோனியாகிவிடுகிறது. போதையின் வேலை என்று விட்டுவிடலாம். பிறகு ஃப்ரெட்டாக உட்கார்ந்து அந்த இரவின் பதிவை ஓட்டும்போது, திரையிலும் அதே மாற்றம் தெரிகிறது. கோனியின் முகம் கரைந்து டோனாவாகிறது. படத்தை நிறுத்தி உற்றுப் பார்க்கிறான், அப்போதும் டோனாதான். கண்ணை நம்பாதவன் கேமராவிடம் போகிறான். கேமரா காட்டுவதைப் பார்க்கவும் அதே கண்தானே இருக்கிறது!

போலீஸ் துறையின் மருத்துவர்கள் இருவர் அவனைச் சோதிக்கிறார்கள். கோடுகளுக்குள் ஒளிந்திருக்கும் உருவத்தைக் கண்டுபிடிக்கச் சொல்கிறார்கள். பிறகு விளக்குகிறார்கள்: போதைப்பொருள் உன் மூளையின் இடப் பாதியைச் சேதப்படுத்திவிட்டது. வலப் பாதி அந்த வேலையையும் சேர்த்துச் செய்யப் பார்க்கிறது. இப்போது இரண்டும் போட்டி போடுகின்றன. அவர்கள் சொல்லும் உதாரணம், ஒரே காரில் இரண்டு பெட்ரோல் முள். ஒன்று டேங்க் நிறைந்திருப்பதாகக் காட்டுகிறது, இன்னொன்று காலி என்கிறது.

கோழிக்கால், பனி, மண்வாரி

இதையெல்லாம் டிக் ஆகாயத்தில் இருந்து பறிக்கவில்லை. 1962-இல் லாஸ் ஏஞ்சலிஸில் ஜோசப் போகன், ஃபிலிப் வோகல் என்ற இரு அறுவை மருத்துவர்கள், தீராத வலிப்பு நோயால் அவதிப்பட்ட ஒரு முன்னாள் ராணுவ வீரருக்குத் துணிச்சலான அறுவை சிகிச்சை ஒன்றைச் செய்தார்கள். மூளையின் இரு பாதிகளையும் இணைக்கும் தடித்த நரம்புப் பட்டையை, கார்பஸ் கலோசத்தை, வெட்டிவிட்டார்கள். சுமார் 20 கோடி நரம்பிழைகள் ஓடும் பாலம் அது. வலிப்பு வெகுவாகக் குறைந்தது. கால்டெக் கல்வி நிறுவனத்தில் ரோஜர் ஸ்பெர்ரியும் அவருடைய மாணவர் மைக்கேல் கஸனிகாவும் இப்படிப்பட்ட நோயாளிகளை வருடக்கணக்கில் ஆராய்ந்தார்கள். ஸ்பெர்ரிக்கு 1981-இல் நோபல் பரிசு கிடைத்தது. இந்த ஆய்வுகளை டிக் ஆவலாகப் படித்தார். போகனின் எழுத்து நாவலுக்குள்ளேயே வருகிறது.

ஆனால் நிஜ நோயாளிகள் ஆர்க்டரைப் போல உடைந்துபோகவில்லை. அறுவைக்குப் பின் சிலருக்குக் கொஞ்ச காலம் இடது கை சொன்ன பேச்சைக் கேட்காது. ஒரு கை சட்டைப் பொத்தானைப் போட, மறு கை கழற்றும். அது தவிர, பெரும்பாலானவர்கள் சாதாரணமாகப் பேசினார்கள், நடமாடினார்கள், தங்களுக்குள் இரண்டு பேர் இருப்பதாக யாரிடமும் புகார் சொல்லவில்லை.

ஏன்? 1970-களில் கஸனிகாவும் ஜோசப் லெடூவும் ஓர் இளைஞனிடம் செய்த சோதனை இதற்கு விடை தருகிறது. அவனும் மூளைப் பாலம் வெட்டப்பட்டவன். பேசத் தெரிந்த இடப் பாதிக்கு மட்டும் ஒரு கோழிக்காலின் படத்தைக் காட்டினார்கள். பேசத் தெரியாத வலப் பாதிக்குப் பனி மூடிய வீட்டின் படம். பிறகு, பொருத்தமான படங்களைத் தொட்டுக் காட்டச் சொன்னார்கள். வலக் கை கோழியைக் காட்டியது. இடக் கை மண்வாரியைக் காட்டியது. பனியை அள்ளத்தானே வேண்டும். ஏன் இவற்றை எடுத்தாய் என்று கேட்டார்கள். பேசும் பாதிக்குப் பனியைப் பற்றி எதுவும் தெரியாது. ‘தெரியவில்லை’ என்று சொல்லியிருக்கலாம். அவன் சொல்லவில்லை. கோழிக்காலுக்குக் கோழி, கோழிக் கொட்டகையைச் சுத்தம் செய்ய மண்வாரி என்று சட்டென்று பதில் வந்தது. தயக்கமே இல்லை.

முரண்பட்ட இரண்டு சேதிகள் வந்தால் மூளை முழிப்பதில்லை. உடனே ஒரு கதை கட்டுகிறது, தானும் அதை நம்பிவிடுகிறது.

சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்து, பின்னர் அமெரிக்காவின் சான் டியாகோவில் ஆய்வு செய்த வி.எஸ். ராமச்சந்திரன் இதே சங்கதியை வேறொரு நோயில் கண்டார். கார் விபத்தில் தலையில் அடிபட்டு மயக்கத்தில் கிடந்து மீண்டான் ஓர் இளைஞன். பேச்சு, நினைவு, அறிவு எல்லாம் பெரும்பாலும் சரியாகிவிட்டன. ஆனால் அம்மாவைப் பார்த்ததும், ‘இவள் அச்சு அசல் என் அம்மாவைப் போலவே இருக்கிறாள், ஆனால் அம்மா இல்லை, வேஷக்காரி’ என்றான். 1923-இல் பிரான்சில் ஜோசஃப் காப்கிராஸ் முதலில் விவரித்ததால், அவர் பெயரையே இந்த நிலைக்கு வைத்திருக்கிறார்கள்.

விசித்திரம் என்னவென்றால், அதே அம்மா டெலிபோனில் பேசினால் இளைஞன் உடனே அடையாளம் கண்டுகொள்வான். எந்தச் சந்தேகமும் கிடையாது. ராமச்சந்திரனின் விளக்கம் இப்படிப் போகிறது: முகத்தை அடையாளம் காணும் பகுதி நன்றாக இருக்கிறது, பாசத்தை எழுப்பும் பகுதிக்கு அங்கிருந்து போகும் வழி அறுந்துவிட்டது, காதிலிருந்து போகும் வழி அறுபடவில்லை. நம் மனதுக்கு நெருக்கமானவர்களைப் பார்த்தால் உள்ளங்கை நம்மை அறியாமலே லேசாக வியர்க்கும். கருவி வைத்துச் சோதித்தபோது, பெற்றோரின் படத்தைப் பார்த்தும் அவனுக்கு அந்த மாற்றம் எழவில்லை. கண் ‘அம்மா’ என்கிறது, நெஞ்சு அசையவில்லை. இரண்டுக்கும் ஒத்துப்போகிற ஒரே கதை, ‘இவள் வேஷக்காரி’. பெற்ற தாய்க்கு அதைக் கேட்க எப்படி இருந்திருக்கும் என்று யோசித்தால் தொண்டை அடைக்கிறது. ஆனால் மகனின் மூளை அந்தக் கதையால்தான் தன்னைக் காப்பாற்றிக்கொண்டது.

ஆர்க்டருக்கு அப்படி ஒரு கதை கட்ட முடியவில்லை. காரணம் எளிது. அவன் காணும் இரண்டு உலகங்களில் எது பொய்? அவன் நிஜமாகவே போலீஸ்காரன். நிஜமாகவே போதைக்கு அடிமை. நண்பர்களோடு சிரித்துப் பேசியதும் உண்மை, அவர்களைப் பற்றி அறிக்கை எழுதியதும் உண்மை. மனச்சிதைவு நோயாளிக்குக் கேட்கும் குரல்கள் மற்றவருக்குக் கேட்காது. ஆர்க்டர் காண்பதில் பெரும்பகுதி எல்லோருக்கும் தெரியக்கூடிய நிஜம். ஆனால் இரண்டையும் சேர்த்துப் பார்க்கிற இடத்தில் வேறு ஆளே கிடையாது. டிக்கின் கற்பனை, மருத்துவத்தைத் தாண்டிப் போவது இங்கேதான்.

முரண்பட்ட சேதிகளே மனிதனைப் பைத்தியமாக்கும் என்ற கொள்கை நிஜத்திலும் ஒரு காலத்தில் கொடிகட்டிப் பறந்தது. கிரிகரி பேட்சனும் அவருடைய சகாக்களும் 1956-இல் கலிஃபோர்னியாவில் அதை முன்வைத்தார்கள். வாயால் ‘வா’ என்றும் முகத்தால் ‘வராதே’ என்றும் சொல்கிற தாயிடம் வளரும் பிள்ளைக்கு மனச்சிதைவு வரும் என்றார்கள். ஆதாரம் நிற்கவில்லை. மரபணு, மூளை வளர்ச்சி, சூழல் எல்லாம் பின்னிக் கிடக்கும் நோய் அது என்பதுதான் இன்றைய மருத்துவம் சொல்வது. ஆனால் அதற்குள் எத்தனையோ அம்மாக்கள், பிள்ளைக்கு வந்த நோய்க்குத் தாங்களே காரணம் என்று மருத்துவர்கள் வாயால் கேட்டுவிட்டார்கள். 

யார் உடைத்தார்கள்?

நாவலைப் பலர் போதையின் கொடுமையைச் சொல்லும் கதையாகப் படிக்கிறார்கள். அது பாதி சரி. முதல் பக்கத்திலேயே உடம்பெல்லாம் அசுவினிப் பூச்சி ஊர்வதாக நம்பி, மணிக்கணக்கில் ஷவருக்கு அடியில் நிற்கும் ஜெர்ரி ஃபேபின் வருகிறான். ஆம்ஃபெட்டமைன் மாத்திரைகளை அளவுக்கு மீறிப் போட்டவர்களுக்குத் தோலுக்கடியில் பூச்சி ஊர்வது போன்ற உணர்வு வருவது மருத்துவம் அறிந்த உண்மை.

அப்புறம் அந்த சைக்கிள். ‘பத்து கியர்’ என்று சொல்லி வாங்கி வந்த சைக்கிளை நண்பர்கள் சுற்றி நின்று எண்ணுகிறார்கள். பின்னால் ஐந்து பல்சக்கரம், முன்னால் இரண்டு. ஐந்தும் இரண்டும் ஏழு. மிச்சம் மூன்று கியர் எங்கே? யாராவது கழற்றி எடுத்துக்கொண்டார்களா, வழியில் விழுந்துவிட்டதா என்று பெரிய விவாதம் நடக்கிறது. கூட்டக் கூடாது, பெருக்க வேண்டும் என்பதைத் தெருவில் போகிற இளைஞன் ஒருவன் சொல்லித்தான் தெரிந்துகொள்கிறார்கள். படிக்கும்போது வாய்விட்டுச் சிரிப்பு வரும். அத்தனை பேரும் புத்திசாலிகள், ஒரு காலத்தில் இந்தக் கணக்கைக் கண்ணை மூடிக்கொண்டு போட்டிருப்பார்கள் என்பது உறைத்ததும் அந்தச் சிரிப்பு நின்றுவிடும்.

ஆனால் ஆர்க்டரை உடைத்தது மாத்திரை மட்டும் இல்லை. நாவலின் கடைசிப் பகுதியில் டிக் அதை வெளிப்படையாகவே வைக்கிறார். அறிவு மங்கி, பெயரும் மறந்துபோன ஆர்க்டர் ‘நியூ-பாத்’ என்ற மறுவாழ்வு மையத்துக்குப் போய்ச் சேர்கிறான். அங்கே அவனுக்கு ‘ப்ரூஸ்’ என்று புதுப் பெயர். கழிவறை கழுவுகிறான். பிறகு பண்ணை வேலைக்கு அனுப்புகிறார்கள். சோளப் பயிருக்கு நடுவே நீலப் பூச்செடிகள் மறைவாக வளர்கின்றன. சப்ஸ்டன்ஸ் டி தயாராவது அந்தச் செடியிலிருந்துதான். போதையிலிருந்து மீட்பதாகச் சொல்லும் நிறுவனமே போதையைப் பயிரிடுகிறது.

போலீஸுக்கு அந்தச் சந்தேகம் முதலிலிருந்தே இருந்தது. உள்ளே ஆள் அனுப்பினால் கண்டுபிடித்துவிடுவார்கள். நிஜமாகவே மூளை வெந்தவனை மட்டுமே நியூ-பாத் நம்பும். அதனால் ஒரு நல்ல போலீஸ்காரன் அடிமையாவதைப் பார்த்துக்கொண்டே இருந்தார்கள். அவனிடம் கேட்கவில்லை, சொல்லவில்லை. அவன் நேசித்த டோனாவே மத்திய அரசின் ரகசிய ஆள். அவளுக்கு எல்லாம் தெரியும். அவள் அழுகிறாள்; இருந்தும் அவனை நியூ-பாத் வாசலில் கொண்டுபோய் விடுகிறாள். இதைப் பெரிய நன்மைக்காகச் செய்த தியாகம் என்று சொல்பவர்களோடு எனக்கு ஒப்புதல் இல்லை. தன்னைத் தானே கொடுத்தால் தியாகம். இன்னொருவனை அவன் அறியாமல் எடுத்துக் கொடுப்பது பலி.

நியூ-பாத்தும் வெறும் கற்பனை இல்லை. சார்ல்ஸ் டெடெரிக் என்பவர் 1958-இல் கலிஃபோர்னியாவில் தொடங்கிய சினனான் என்ற மையம், போதை மறுவாழ்வுக்குப் புகழ்பெற்றிருந்தது. ஒருவரை நடுவில் உட்கார வைத்துக் கூட்டமே திட்டித் தீர்ப்பதுதான் அங்கே வைத்தியம். போகப்போக அது ஒரு மதக்குழுவாகவே மாறியது. நாவல் வெளியான மறு வருடம், 1978-இல், அந்த அமைப்பை எதிர்த்து வழக்காடிய பால் மொரான்ட்ஸ் என்ற வழக்கறிஞரின் தபால் பெட்டிக்குள் விஷப் பாம்பைப் போட்டார்கள். சத்தம் வராமலிருக்க அதன் வாலில் இருந்த கிலுகிலுப்பையை வெட்டியிருந்தார்கள். கடிபட்டவர் பிழைத்தார். டிக்கின் கற்பனைக்கும் நிஜத்துக்கும் அதிக தூரம் இருக்கவில்லை.

பிரேதமும் கோட்டும்

டிக் இதையெல்லாம் வெளியில் நின்று பார்த்தவர் இல்லை. 1928-இல் சிகாகோவில் இரட்டைப் பிள்ளைகளில் ஒருவராகப் பிறந்தார். தங்கை ஜேன் ஆறு வாரத்தில் இறந்துபோனாள். அவளுடைய கல்லறைக் கல்லில் உயிரோடிருந்த இவருடைய பெயரையும் பெற்றோர் செதுக்கி வைத்தார்கள். இறந்த தேதிக்கு மட்டும் இடம் விட்டார்கள். 1982-இல் அந்த இடம் நிரப்பப்பட்டது. நடுவில் ஐம்பத்து மூன்று வருடங்கள். ஏராளமான நாவல்கள், அவற்றை வேகமாக எழுதித் தள்ள விழுங்கிய ஆம்ஃபெட்டமைன் மாத்திரைகள்.

1970-இல் மனைவி பிரிந்து போனதும், சான் ரஃபேல் பக்கம் இருந்த அவர் வீடு தெருப் பிள்ளைகளுக்கும் போதைக்காரர்களுக்கும் திறந்த வீடானது. நாவலில் வரும் வீட்டுக்கு முன்மாதிரி அதுதான். 1971 நவம்பரில் ஒரு நாள் வெளியே போய்த் திரும்பியவர், ஜன்னல்கள் உடைந்து, கோப்புகள் வைத்திருந்த இரும்பு அலமாரி வெடித்துப் பிளந்து கிடப்பதைப் பார்த்தார். யார் செய்தது? அரசு உளவாளிகள், அரசியல் குழுக்கள், போதைக் கும்பல் என்று வருடக்கணக்கில் பட்டியல் போட்டார். ஒருவேளை தானே செய்துவிட்டு மறந்திருப்பேனோ என்றும் சந்தேகப்பட்டார். ஃப்ரெட்டும் ஆர்க்டரும் பிறந்தது அந்தச் சந்தேகத்தில்தான் என்பது என் எண்ணம். அடுத்த வருடம் கனடாவின் வான்கூவரில் தற்கொலைக்கு முயன்று, பிழைத்து, ஹெராயின் அடிமைகளுக்கான மையம் ஒன்றில் சில வாரம் இருந்தார். ஹெராயின் அவர் பழக்கம் இல்லை; போக வேறு இடம் இல்லை.

நாவலின் பின்குறிப்பில், போதையில் தான் இழந்த நண்பர்களின் பெயர்களை வரிசையாக எழுதுகிறார். பெரும்பாலான பெயர்களுக்கு எதிரே மரணம், அல்லது தீராத மூளைச் சேதம், அல்லது தீராத மனநோய். நடுவில் தன் பெயரும், கணையத்துக்கு நேர்ந்த நிரந்தரச் சேதமும். அவர்கள் செய்த தப்புக்குக் கிடைத்த தண்டனை மிக அதிகம் என்கிறார். உபதேசம் எதுவும் இல்லை.

1974 பிப்ரவரி 20. கலிஃபோர்னியாவின் ஃபுல்லர்ட்டன் ஊரில் கடைவாய்ப் பல் பிடுங்கிக்கொண்டு வலியில் இருந்த டிக்குக்கு, மருந்துக் கடையிலிருந்து ஒரு பெண் வலி மாத்திரை கொண்டுவந்தாள். அவள் கழுத்தில் மீன் வடிவப் பதக்கம், ஆதி கிறிஸ்தவர்களின் அடையாளம். அதில் பட்ட ஒளி கண்ணில் தெறித்ததும் ஏதோ திறந்துகொண்டது என்கிறார் டிக். அடுத்த வாரங்களில் 1974-இன் கலிஃபோர்னியாவும் முதல் நூற்றாண்டின் ரோமும் ஒன்றன்மேல் ஒன்றாக அவருக்குத் தெரிந்தன. இளஞ்சிவப்பு ஒளிக்கற்றை ஒன்று தகவல் தந்தது. தன் கைக்குழந்தைக்குக் குடலிறக்கம் இருப்பதை அதுதான் சொன்னது என்றார். மருத்துவர் சோதித்தபோது குடலிறக்கம் இருந்தது.

நாவல் வெளியாகும் முன்பே, அதில் வரும் நோய் எழுதியவரையே தேடி வந்ததைப் போலிருக்கிறது. ஆனால் டிக் ஆர்க்டரைப் போலத் தன்னை இழக்கவில்லை. எட்டு வருடம், சாகும்வரை, என்ன நடந்தது என்று எழுதிக்கொண்டே இருந்தார். எட்டாயிரம் பக்கங்களுக்கு மேல். கடவுள், வேற்றுக்கிரகம், பக்கவாதம், பழைய மாத்திரைகளின் பின்விளைவு, வெறும் பைத்தியம் என்று ஒவ்வொரு விளக்கமாக எடுத்து, நம்பி, மறுநாள் தானே உடைத்தார். 1981-இல் வந்த ‘வாலிஸ்’ நாவலில் தன்னை இரண்டு பேராகப் பிரித்துக்கொண்டார்: ஒளியைக் கண்டவன் ஒருவன், அவனைப் பார்த்து ‘பாவம், இவனுக்கு மூளை கலங்கிவிட்டது’ என்று சொல்லும் இன்னொருவன்.

அவரைக் காப்பாற்றியது என்ன என்று கேட்டால், நான் நண்பர்களைத்தான் சொல்வேன். டிம் பவர்ஸ், கே.டபிள்யூ. ஜீட்டர் என்ற இளம் எழுத்தாளர்கள் அவரோடு ஓயாமல் வாதாடினார்கள். ‘வாலிஸ்’ நாவலில் அவர்கள் டேவிட், கெவின் என்ற பெயர்களில் வருகிறார்கள். கெவினின் பூனை காரில் அடிபட்டுச் செத்துவிட்டது. நியாயத்தீர்ப்பு நாளில் விறைத்துப்போன அந்தப் பூனையைக் கோட்டுக்குள்ளிருந்து வெளியே எடுத்து, ‘இதற்கு என்ன பதில்?’ என்று கடவுளிடம் கேட்கப்போவதாகச் சொல்லிக்கொண்டே இருப்பான். இளஞ்சிவப்பு ஒளியைப் பற்றி எத்தனை அழகான விளக்கம் வந்தாலும் கெவின் அந்தச் செத்த பூனையைத் தூக்கிக்கொண்டு வந்துவிடுவான். அவன் டிக்கைக் கேலி செய்தான், திட்டினான். ஆனால் எழுந்து போய்விடவில்லை.

‘எ ஸ்கேனர் டார்க்லி’யை ரிச்சர்ட் லிங்க்லேட்டர் 2006-இல் படமாக்கினார். கீயானு ரீவ்ஸை நிஜமாக நடிக்கவைத்துப் படம்பிடித்து, அந்தக் காட்சிகளின் மேல் ஓவியமாகத் தீட்டியிருப்பார்கள். முகங்கள் நிலையாக நிற்காமல் லேசாக அலைந்துகொண்டே இருக்கும். அந்த மாறும் உடையைத் திரையில் காட்ட இதைவிடப் பொருத்தமான வழி இல்லை. பார்க்கிறவர்கள் ஜிம் பாரிஸ் போலீஸ் அலுவலகத்துக்கு வரும் காட்சியைக் கவனமாகப் பாருங்கள். பாரிஸ், ஆர்க்டரின் வீட்டில் தங்கியிருப்பவன். ஆர்க்டரைக் காட்டிக்கொடுக்க வந்திருக்கிறான். எதிரே அந்த உடைக்குள் உட்கார்ந்து குறிப்பெடுப்பது ஆர்க்டரேதான். ஒரு நண்பன் காட்டிக்கொடுக்கிறான், காதலி வேவு பார்க்கிறாள். மிச்சம் இருந்த எர்னி லக்மேனுக்கு, தன்னோடு ஒரே வீட்டில் ஒரு போலீஸ்காரன் இருந்ததே கடைசிவரை தெரியாது.